களம் பார்க்கப் போகிறவர்கள் வயலில் செய்யும் தவறுகள்

கல்லணைக்குக் கிழக்கே, காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவில் கோவிலடி என்ற ஊர் இருக்கிறது. அப்பக்குடத்தான் பெருமாளைச் சேவிக்க வருகிறவர்கள் கொள்ளிடத்தை ஒரு பார்வை பார்த்துவிட்டு வண்டியில் ஏறிவிடுகிறார்கள். அவர்கள் நின்ற கரை ஒரு போரில் ஆயுதமாக இருந்தது. திருச்சிராப்பள்ளிக்காக ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் மோதிக்கொண்டிருந்த 1754ஆம் ஆண்டு மே மாதத்தில், பிரெஞ்சுப் படை கோவிலடியைப் பிடித்து அங்கிருந்த கரையை வெட்டிவிட்டது. கொள்ளிடத்தின் படுகை காவிரிப் படுகையைவிடத் தாழ்ந்தது. கரை உடைந்தால் தஞ்சைக்கு வர வேண்டிய தண்ணீர் கொள்ளிடத்தில் இறங்கி நேரே கடலுக்குப் போய்விடும். ஆனியில் ஆற்றில் தண்ணீர் வரும் என்று நாற்றங்காலுக்கு விதைநெல்லை எடுத்து வைத்திருந்தவர்களின் மீது, ஒரு குண்டுகூடச் சுடாமல் தொடுக்கப்பட்ட போர் அது.

எங்கள் ஊர் திருக்காட்டுப்பள்ளிப் பக்கம். வெளியூர் உறவினர்களையும் பள்ளிப் பிள்ளைகளையும் ஒரு நாள் சுற்றுலாவாக இந்தக் கரைகளுக்கு அழைத்துப் போகும் வேலையைச் சில ஆண்டுகளாகச் செய்து வருகிறேன். போர் வரலாறும் கிராமத்து வயல்வெளியும் சேர்ந்த பயணம் என்று சொன்னவுடன் எல்லோருக்கும் ஆசை வருகிறது. ஆனால் நாளைத் திட்டமிடும்போதே அது பிசகிவிடுகிறது. அடிக்கடி பார்க்கும் பிசகுகளை இங்கே எழுதுகிறேன்.

முதல் தவறு: காலையில் வரலாறு, மாலையில் வயல்

பெரும்பாலான திட்டங்கள் இப்படித்தான் இருக்கின்றன. பன்னிரண்டு மணி வரை கோட்டை, பீரங்கி, அரண்மனை. சாப்பாட்டுக்குப் பிறகு மாட்டு வண்டி, நடவு, வாய்க்கால் குளியல். முன்னது பாடம், பின்னது விளையாட்டு. பிள்ளைகளும் முதல் பாதியைப் பொறுத்துக்கொண்டு இரண்டாம் பாதிக்காகக் காத்திருக்கிறார்கள்.

டெல்டாவில் இந்த இரண்டையும் பிரிக்கவே முடியாது. தமிழில் களம் என்ற சொல்லையே பாருங்கள். கதிரடிக்கும் இடமும் களம், வாள் வீசும் இடமும் களம். போர் என்றால் சண்டை. வைக்கோலை அடுக்கி வைத்தாலும் அது போர்தான். ஏரோர் களவழி (உழவர் களம்), தேரோர் களவழி (போர்க்களம்) என்று தொல்காப்பியம் இரண்டையும் அருகருகே வைத்துப் பேசுகிறது. இங்கே நடந்த சண்டைகள் நெல்லுக்காகவும் நீருக்காகவும் நடந்தவை. படைகள் நெல்லால் பிழைத்தன, நெல் இல்லாமல் தோற்றன.

உரலில் நெல் குத்தும் நிகழ்ச்சியை எடுத்துக்கொள்வோம். பல இடங்களில் விருந்தினர் ஆளுக்கு நான்கு முறை உலக்கையைப் போட்டுப் படம் எடுத்துக்கொண்டு நகர்ந்துவிடுகிறார்கள். அதே உரலின் பக்கத்தில் நின்று நான் 1758ஆம் ஆண்டைச் சொல்கிறேன். பிரெஞ்சுத் தளபதி லாலி, பழைய கடன் பத்திரம் ஒன்றைக் காட்டித் தஞ்சை மன்னர் பிரதாப சிங்கிடம் பணம் வசூலிக்கப் புதுச்சேரியிலிருந்து படையோடு புறப்பட்டார். உணவுக்கு முன்னேற்பாடு இல்லை. பசியோடு கொள்ளிட முகத்துவாரத்துத் தேவிக்கோட்டைக்கு வந்து சேர்ந்த சிப்பாய்களுக்கு அங்கே நெல் கிடைத்தது. அரிசி கிடைக்கவில்லை. உமியைப் போக்க உரலும் உலக்கையும் அவர்களிடம் இல்லை. பிறகு தஞ்சைக் கோட்டையை ஜூலையில் முற்றுகையிட்டும் பிடிக்க முடியவில்லை. தஞ்சைக் குதிரைப்படை சுற்றிலும் வளைத்து உணவு வரும் வழியை அடைத்தது. வெடிமருந்தும் தீர்ந்துகொண்டிருந்தது. காரைக்கால் கடலில் ஆங்கிலக் கப்பல்கள் வந்துவிட்ட செய்தி எட்டியதும் ஆகஸ்டில் முற்றுகையைக் கைவிட்டுத் திரும்பினார்கள்.

இதைக் கேட்ட பிறகு ஒரு பிள்ளை உலக்கையைப் பிடித்தால் அந்தப் பிடியே வேறாக இருக்கிறது. ஒரு படி நெல்லை அரிசியாக்க எவ்வளவு நேரம் ஆகிறது என்று தானே எண்ணிப் பார்க்கிறது. ஆயிரக்கணக்கான ஆட்களுக்கு எவ்வளவு வேண்டும் என்று கேட்கிறது. அந்தக் கேள்வி வந்துவிட்டால் அன்றைய நாள் வீண்போகவில்லை. ஆகவே நிகழ்ச்சிகளைப் பாதிப் பாதியாகப் பிரிக்காதீர்கள். எந்த வேலை எந்தக் கதையோடு சேரும் என்று பார்த்து இணையுங்கள். மதகைத் திறந்து மூடிப் பார்க்கும்போது கோவிலடியைச் சொல்லலாம். மாட்டுத் தொழுவத்தில் நிற்கும்போது ஐதர் கலாபத்தைச் சொல்லலாம். 1781இல் ஐதர் அலியின் படை தஞ்சைச் சீமைக்குள் புகுந்தபோது கோட்டை மட்டும் தப்பியது. வெளியே ஊர்கள் எரிந்தன, மாடுகள் ஓட்டிச் செல்லப்பட்டன, பாசனக் கட்டுமானங்கள் சிதைந்தன. உழவு மாடு போனால் அடுத்த போகமும் போயிற்று என்பதை மாட்டின் முதுகைத் தடவிக்கொண்டே கேட்கும் குழந்தைக்கு விளக்கவே வேண்டியதில்லை.

கண்ணுக்குத் தெரிவதை மட்டும் தேடுவது

டெல்டா வண்டல் மண். கல் குறைவு. இங்கே வெட்டவெளியில் நடந்த பழைய சண்டை எதுவும் சுவராக நிற்கவில்லை. பார்க்க என்ன இருக்கிறது என்று கேட்டு, பதில் திருப்தியாக இல்லாவிட்டால் அந்த இடத்தைப் பட்டியலிலிருந்து நீக்கிவிடுகிறார்கள். கடைசியில் எஞ்சுவது தரங்கம்பாடிக் கோட்டையும் தஞ்சை அரண்மனையும்தான். இரண்டும் நல்ல இடங்கள் என்பதில் ஐயமில்லை. 1620இல் டேனிஷ்காரர்கள் ரகுநாத நாயக்கரின் அனுமதி பெற்றுக் கட்டத் தொடங்கிய டான்ஸ்போர்க் கோட்டை, நெப்போலியன் காலத்துப் போர்களில் இருமுறை ஆங்கிலேயர் கைக்குப் போய்த் திரும்பி, கடைசியில் 1845இல் அவர்களுக்கே விற்கப்பட்டது. தஞ்சைக் கீழவாசலில் பீரங்கி மேட்டில் கிடக்கும் இராசகோபால பீரங்கி சுமார் 25 அடி நீளம். வார்த்து எடுத்ததன்று, இரும்புப் பட்டைகளைக் காய்ச்சி அடித்து இணைத்தது. கொல்லுப்பட்டறை பார்த்த பிறகு அதைப் பார்த்தால் நம் கொல்லர்களின் திறமை நெஞ்சை நிறைக்கும்.

ஆனாலும் என் மனம் கோயில்வெண்ணியில்தான் நிற்கிறது. தஞ்சாவூரிலிருந்து நீடாமங்கலம் போகும் சாலையில் இருக்கும் ஊர். கரும்பேசுவரர் கோயிலும் குளமும் வயலும் தவிர வேறொன்றும் கண்ணில் படாது. கரிகாலன் சேரனையும் பாண்டியனையும் வேளிர் பதினொருவரையும் வென்ற வெண்ணிப் பறந்தலை இந்தப் பகுதிதான். முதுகில் புண்பட்ட சேர மன்னன் அதை மானக்கேடாகக் கருதி வடக்கிருந்து, அதாவது வடக்கு நோக்கி அமர்ந்து உண்ணாமல், உயிர்விட்டான். அதே ஊரைச் சேர்ந்த குயத்தியார் ஒருவர், வென்ற கரிகாலனையே எதிரில் வைத்து, உன்னைவிட அவன் நல்லவன் அல்லவா என்று கேட்டார். புறநானூற்றின் 66ஆம் பாட்டு அது. மண்பாண்டம் வனையும் குடியில் பிறந்த ஒரு பெண், வெற்றி பெற்ற அரசனிடம் தோற்றவனின் பெருமையைச் சொன்ன ஊரில் இன்று நாற்று நடுகிறார்கள். அந்த வரப்பில் உட்கார்ந்து பாட்டை ஒருமுறை உரக்கப் படித்தால் போதும். சின்னம் எதுவும் தேவையில்லை. அங்கிருந்து வடுவூர் ஏரி தொலைவில் இல்லை. மார்கழி, தை மாதங்களில் பறவைகள் நிறைந்திருக்கும். ஒரு முழு நாளுக்கு இந்த இரண்டு இடங்களே தாராளம்.

நாவலை வரலாறாகச் சொல்வது

கும்பகோணத்துக்கு வடமேற்கே திருப்புறம்பியத்துக்கு வருகிறவர்களில் பாதிப்பேர் பொன்னியின் செல்வன் நாவலில் படித்துவிட்டு வருகிறார்கள். அந்த ஆர்வம் நல்லது. படித்தது எது, நடந்தது எது என்று பிரித்துச் சொல்லாத வழிகாட்டிதான் சிக்கல். சுமார் 880இல் இங்கே பாண்டியன் வரகுணனுக்கும் பல்லவன் அபராசிதனுக்கும் போர் நடந்தது. பல்லவன் பக்கம் நின்று போரிட்ட கங்க மன்னன் முதலாம் பிருதிவிபதி வெற்றி தேடித் தந்து உயிர்விட்டான். இது உதயேந்திரம் செப்பேட்டில் அவன் பேரன் காலத்தில் எழுதி வைத்த செய்தி. அபராசிதன், அதாவது தோல்வி காணாதவன் என்ற நண்பனின் பெயரை மெய்யாக்கிவிட்டு இறந்தான் என்று செப்பேடு சொல்கிறது. இந்த ஒரு வரியே போதுமான அளவு உருக்கமானது. இதன்மேல் கற்பனை உரையாடல்களையும் ஒற்றர்களையும் ஏற்றினால் கேட்பவருக்குக் கதை நினைவிருக்கும், செப்பேடு மறந்துபோகும். வழிகாட்டி எதைச் சொன்னாலும் அது எதில் இருக்கிறது என்று கேளுங்கள். கல்வெட்டா, செப்பேடா, படைத் தளபதியின் குறிப்பா, ஊரார் வாய்மொழியா? வாய்மொழிக்கும் மதிப்பு உண்டு. அதை வாய்மொழி என்று சொல்லித் தர வேண்டும், அவ்வளவுதான்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஐதர், திப்பு படையெடுப்பைச் சிலர் மதச் சண்டையாக மாற்றிச் சொல்கிறார்கள். தஞ்சை அப்போது ஆங்கிலேயரின் நேசநாடு, அவர்களின் நெற்களஞ்சியம். அதனால்தான் தாக்கப்பட்டது. 1782 பிப்ரவரியில் கொள்ளிடக் கரையோரம் கர்னல் பிரெய்த்வெயிட்டின் படையைத் திப்பு மூன்று நாள் சண்டையில் முறியடித்தபோதும் நோக்கம் அதுவே. வெட்டுப்பட்டவர்களில் எல்லா மதத்தவரும் இருந்தார்கள். இன்று பக்கத்துப் பக்கத்துத் தெருவில் வாழும் மக்களுக்கு நடுவில் ஒரு சுற்றுலாப் பேச்சு கசப்பை விதைத்துவிட்டுப் போகக் கூடாது.

ஒரே நாளில் ஐந்து ஊர்

முதன்முதலில் நான் போட்ட திட்டத்தில் கல்லணை, கோவிலடி, தஞ்சை, திருப்புறம்பியம், தரங்கம்பாடி எல்லாம் இருந்தன. தஞ்சாவூரிலிருந்து தரங்கம்பாடி மட்டுமே ஏறத்தாழ நூறு கிலோமீட்டர். டெல்டாச் சாலையில் நூறு கிலோமீட்டர் என்பது நெடுஞ்சாலைக் கணக்கன்று. அறுவடை இயந்திரம் எதிரே வரும், சாலையோரம் நெல் காயும், பாலத்தில் ஒரு வண்டிதான் போகும். அன்று கோவிலடியில் யாரும் வேனைவிட்டு இறங்கவில்லை. தரங்கம்பாடியில் கோட்டை மூடியிருந்தது. அருங்காட்சியகங்களுக்கு வார விடுமுறை உண்டு என்பதைக் கேட்டுத் தெரிந்துகொள்ளாமல் போனது என் பிழை.

ஆற்றைப் பிடித்துக்கொண்டு போங்கள் என்பதுதான் என் அறிவுரை. கல்லணை, கோவிலடி, திருக்காட்டுப்பள்ளி ஒரு நாள். வெண்ணாற்றோடு கோயில்வெண்ணியும் வடுவூரும் ஒரு நாள். கடற்கரை என்றால் தரங்கம்பாடியும் பழையாறு பக்கமும். 1749இல் தஞ்சை அரியணைக்கு உரிமை கோரிய ஷாஜியை உட்கார வைப்பதாகச் சொல்லிப் புறப்பட்ட ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனிப் படை, கொள்ளிட முகத்துவாரத்தில் தேவிக்கோட்டையைப் பிடித்ததும் ஷாஜியை மறந்துவிட்டுக் கோட்டையை வைத்துக்கொண்டது. இளம் வயதுக் கிளைவ் அந்தத் தாக்குதலில் முன்னால் ஓடியவர். தீவுக்கோட்டை என்றும் சொல்லப்படும் அந்த இடம் கழிமுகத்தில் இருக்கிறது. மீன்பிடிப் படகில் ஆட்களை அள்ளிக்கொண்டு போகக் கூடாது. உயிர்க்கவச உடை, வனத்துறை அனுமதி, ஓதம் ஏறும் நேரம் இவை மூன்றும் தெரிந்தவர் இல்லையென்றால் கரையிலேயே நின்று கதை சொல்லுங்கள். பட்டுக்கோட்டைக்குத் தெற்கே, நெப்போலியன் வீழ்ச்சியைக் கொண்டாட இரண்டாம் சரபோஜி 1814இல் கட்டிய மனோரா கோபுரத்துக்குத் தனி நாள் ஒதுக்குங்கள். வாட்டர்லூவுக்கு ஓர் ஆண்டு முன்பே, எங்கோ ஐரோப்பாவில் வீழ்ந்த ஒருவனுக்காக இந்தக் கடலோரத்தில் எட்டு நிலைக் கோபுரம் எழுந்தது என்றால், தஞ்சை அரசின் நிலை அப்போது என்னவாக இருந்திருக்கும் என்பதை அங்கே நின்று பேசலாம்.

பருவம் பார்க்காமல் வருவது

பச்சை வயல் வேண்டும் என்று கேட்டு ஏப்ரலில் வருகிறார்கள். அப்போது நிலம் வெடித்துக் கிடக்கும். உளுந்தும் பயறும்கூட எடுத்து முடிந்திருக்கும். நுங்கு கிடைக்கும், வெயிலும் கிடைக்கும். மேட்டூர் வழக்கமாகத் திறக்கும் நாள் ஜூன் 12. நீர் இருப்பைப் பொறுத்து அது தள்ளிப்போகும். திறந்தாலும் கடைமடைக்குத் தண்ணீர் வந்து சேர நாளாகும். நடவு பார்க்க வேண்டுமானால் அந்த ஊரில் தண்ணீர் வந்துவிட்டதா என்று கேட்ட பிறகு தேதி குறியுங்கள். ஐப்பசி, கார்த்திகையில் மழையும் புயலும் வரும். 2018 நவம்பரில் கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரையேறியதை இங்கே யாரும் மறக்கவில்லை. பொங்கலையொட்டிய வாரங்கள்தாம் சிறந்தவை. சம்பா முற்றி நிற்கும், கதிரடிப்பு நடக்கும், வெயில் தாங்கும்.

வயலை விளையாட்டுத் திடலாக நினைப்பது

இதில்தான் எனக்கு மனவருத்தம் அதிகம். நடவு வயலில் முப்பது பேர் இறங்கிச் சேற்றை எறிந்து விளையாடுகிறார்கள். அவர்கள் நட்ட நாற்றில் பாதி மிதந்துவிடும். மறுநாள் நடவுப் பெண்கள் வந்து அதைப் பிடுங்கி மறுபடி நட வேண்டும். அந்த ஒரு நாள் கூலியை யார் கொடுப்பது? வயல்காரர் வெட்கப்பட்டுக் கேட்க மாட்டார். விருந்தினர் இறங்க ஒரு மூலையை முன்பே கேட்டு வாங்குங்கள். அந்த மூலையின் நடவுக் கூலியை முன்கூட்டியே கொடுத்துவிடுங்கள். கற்றுத்தரும் பெண்ணுக்கு அரைநாள் கூலி தனி. அவர் ஆசிரியர். அவரைப் படத்தின் பின்னணியாக நிறுத்தாதீர்கள்.

வரப்பில் நடக்கத் தெரியாமல் நடப்பதும் சேதம்தான். அண்டை வெட்டி மண் அணைத்த வரப்பு சில நாள் ஈரமாக இருக்கும். அதில் பத்துப் பேர் வரிசையாக நடந்தால் சரிந்து, மேல் வயல் தண்ணீர் கீழ் வயலுக்குப் போய்விடும். கோவிலடிக் கரையை வெட்டியவர்களைக் குறை சொல்லிவிட்டு நாமே ஒரு வரப்பை உடைத்துவிட்டு வரலாமா? செருப்பைக் கழற்றி, இடைவெளி விட்டு, பழைய வரப்பில் நடங்கள்.  பாம்புக்கு அஞ்சி ஓடவும் வேண்டாம், புல் மூடிய இடத்தில் பார்க்காமல் கால் வைக்கவும் வேண்டாம்.

மாட்டு வண்டியில் ஐந்து பேருக்கு மேல் ஏற்றாதீர்கள். உச்சி வெயிலில் தார்ச்சாலையில் ஓட்டச் சொல்லாதீர்கள். காலை ஒன்பதுக்குள் அல்லது மாலை நான்குக்கு மேல், மண் பாதையில் போதும்.

ஆற்று மணலை நம்புவது

இதை மட்டும் எத்தனை முறை சொன்னாலும் போதாது. கொள்ளிடம் பார்க்க வறண்ட மணற்காடு. நடுவில் முழங்கால் ஆழத்துக்கு ஒரு நீரோட்டம். பிள்ளைகள் ஓடி இறங்குவார்கள். மணல் அள்ளிய குழிகள் அந்தத் தண்ணீருக்கு அடியில் இருக்கின்றன; இரண்டடி தள்ளினால் ஆள் மூழ்கும் ஆழம். ஆண்டுதோறும் எங்கள் பக்கத்தில் இப்படி உயிர்கள் போகின்றன. மேட்டூர் நிரம்பி உபரி நீரைத் திறந்தால் அது முக்கொம்பு வழியாகக் கொள்ளிடத்தில்தான் இறங்கும். காலையில் நடந்து கடந்த இடத்தில் மாலையில் கரைதொட்டு ஓடும். நீர்வளத் துறையினரின் எச்சரிக்கையையும் கரையோர மக்களின் பேச்சையும் கேளுங்கள். கல்லணை மதகுகளுக்குக் கீழே எக்காலத்திலும் இறங்க விடாதீர்கள். குளித்தே ஆக வேண்டுமென்றால் பம்புசெட் தொட்டி இருக்கிறது. வயல்காரரைக் கேட்டால் மகிழ்ச்சியோடு மோட்டாரைப் போட்டுவிடுவார்.

வீட்டுத் திண்ணையை விட்டுவிடுவது

பதினெட்டாம் நூற்றாண்டோடு பயணத்தை முடித்துக்கொள்கிறார்கள். டெல்டாவின் மிகப் பெரிய போர்க் காயம் இங்கே நடந்த சண்டையால் வந்ததன்று. தஞ்சை மாவட்டத்துக் கிராமங்களிலிருந்து எத்தனையோ பேர் நாகப்பட்டினத்தில் கப்பலேறி மலாயாத் தோட்டங்களுக்குப் போனார்கள். 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஜப்பானியர் கையில் விழுந்ததும் கடிதமும் பணமும் நின்றன. அந்தத் தோட்டங்களிலிருந்து தமிழர்கள் ஆயிரக்கணக்கில் சயாமுக்கும் பர்மாவுக்கும் நடுவே 415 கிலோமீட்டர் ரயில் பாதை போடக் கொண்டுசெல்லப்பட்டு, காட்டில் காலராவிலும் பட்டினியிலும் மடிந்தார்கள். பெயர் எழுதிய கல்லறைகூட அவர்களில் பெரும்பாலோருக்கு இல்லை.

ஆகவே சாப்பாட்டுக்கு உணவகம் தேடாமல், ஊரில் ஒரு வீட்டில் முன்பே சொல்லிச் சமைக்கச் செய்யுங்கள். சாப்பிட்ட பிறகு திண்ணையில் உட்கார்ந்து, உங்கள் வீட்டில் மலாயாவுக்குப் போனவர்கள் உண்டா என்று பெரியவர்களிடம் கேளுங்கள். போன வீடுகள் பல உண்டு. ஒரு பழைய தகரப்பெட்டி வெளியே வரும், மங்கிய படம் ஒன்று வரும், சில வீடுகளில் அழுகை வரும். அப்போது கைபேசியை நீட்டிப் பதிவு செய்யாதீர்கள்; கேட்டு, அவர்கள் சரி என்றால் மட்டும் பதியுங்கள். அடுத்த ஊருக்கு நேரமாகிவிட்டது என்று பாதியில் எழுந்துவிடவும் கூடாது. மாலை நிகழ்ச்சி எதையாவது விட்டுவிடலாம். எங்கள் பயணங்களில் மாட்டு வண்டிச் சவாரி பலமுறை இப்படித்தான் நடக்காமல் போயிருக்கிறது. இதுவரை யாரும் அதைக் கேட்கவில்லை.